ஆணைக்கு அடங்குவோரும் அடங்காதோரும்

கண்டி வாவியின் கரையில், தலதா மாளிகையை அடுத்து, செதுக்குவேலை நிறைந்த மரத்தூண்கள் தாங்கி நிற்கும் திறந்த மண்டபம் ஒன்று உண்டு. மகுல் மடுவ என்று அதனை அழைப்பர். கண்டி அரசர்கள் அங்கே கொலுவிருந்தனர், வழக்குக் கேட்டனர். 1815 மார்ச் 2ஆம் நாள் கண்டி இராச்சியத்தை ஆங்கில முடிக்குக் கையளித்த உடன்படிக்கை வாசிக்கப்பட்டதும் அங்கேதான். பின்னர் வெள்ளையர் அதே மண்டபத்தை நீதிமன்றமாகவும் பயன்படுத்தினர். ஆண்டுதோறும் நாம் நம் மாணவர்களை அங்கு அழைத்துச் செல்கின்றோம். தூண்களின் வேலைப்பாட்டைக் காட்டுகின்றோம். ஆண்டுகளைக் குறித்துக்கொள்ளச் சொல்லுகின்றோம். 2023ஆம் ஆண்டு அவ்வாறு சென்றிருந்தபோது மாணவன் ஒருவன் கேட்ட வினா எம்மை அந்த ஆண்டுகளின் பட்டியலுக்கு அப்பால் இழுத்துச் சென்றது. "அரசன் சொன்னதை மற்றவர்கள் கேட்கவேண்டும், சரி. கோட்டு சொன்னதை அரசன் கேட்காவிட்டால் யார் பிடிப்பது?"

அவ்வினா அந்த மாதங்களில் நாடெங்கும் கேட்கப்பட்ட வினாதான். நீதிமன்றம் ஓர் உத்தரவிட்டது, உத்தரவு நிறைவேறவில்லை, நீதிமன்றத்தை அவமதித்ததாக மனுத் தாக்கலாயிற்று. செய்தித்தாள்களில் நாள்தோறும் வந்த செய்தி அது. அதன் வேர்களைத் தேடிச் சென்றால், நாம் வாழும் இந்த மலைநாட்டின் வரலாறே ஒரு வகையில் ஆணைகளின் வரலாறாகவும், அவற்றுக்கு அடங்கியோர் அடங்காதோர் வரலாறாகவும் விரிந்து செல்வதைக் காண்கின்றோம்.

நீதிமன்ற அவமதிப்பு என்பது ஒரே சொல்லாயினும் அதனுள் இரு வேறு குற்றங்கள் அடங்கியுள்ளன. நீதிபதியைப் பற்றியோ நீதிமன்றத்தைப் பற்றியோ தகாதன பேசுவதும் எழுதுவதும் ஒன்று. நீதிமன்றம் இட்ட கட்டளையின்படி நடவாதிருப்பது மற்றொன்று. முன்னது சொல்லால் ஆவது. பின்னது செயலால், அன்றேல் செய்யாமையால் ஆவது. சாதாரண மனிதனின் அறிவுக்குப் பின்னதே பெருங்குற்றமாகப் படும். வாயினால் வைதவனைவிட, தீர்ப்பையே மிதித்துச் செல்பவனல்லவா நீதிமன்றத்தை உண்மையில் அவமதிக்கிறான்? ஆனால், இந்நாட்டில் சிறைக்குச் சென்றவர்களின் பெயர்களைப் பார்த்தால் சொல்லுக்காகச் சென்றவர்களே கண்ணிற் படுகின்றனர்.

1914ஆம் ஆண்டு நிகழ்ந்த ஒரு வழக்கு இதற்குத் தக்க சான்று. நுவரெலியாவில் பொலிஸ் நீதவானாயிருந்த வெள்ளையர் ஒருவர் பொலிசாரின் விருப்பத்துக்கு இசைய நீதி வழங்குகிறார் என்ற பொருள்பட, 'மோர்னிங் லீடர்' பத்திரிகையின் ஆசிரியர் ஆர்மண்ட் டி சூசா எழுதினார். கோவாவிலிருந்து வந்து இந்நாட்டைத் தம் நாடாக்கிக்கொண்டவர் அவர். உயர் நீதிமன்றம் அவரை அவமதிப்புக் குற்றவாளியாகக் கண்டு ஒரு மாதச் சிறைத் தண்டனை விதித்தது. நாடெங்கும் எதிர்ப்புக் கிளம்பவே தேசாதிபதி தலையிட்டு அவரைத் தண்டனைக்காலம் முடியுமுன்னரே விடுவித்தார். அடுத்த ஆண்டு இராணுவச் சட்டத்தின் கொடுமைகளைப் பதிவு செய்து நூலெழுதியவரும் அவரே. அவருடைய மைந்தர் டொரிக் டி சூசா பிற்காலத்தில் இடதுசாரி இயக்கத்தின் முன்னணியில் நின்றதை நம் வாசகர்கள் அறிவர்.

நுவரெலியா நீதவானின் மன்றில் அக்காலத்தில் யார் நின்றிருப்பர் என்பதையும் எண்ணிப் பார்த்தல் வேண்டும். 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டம் தோட்டத் தொழிலாளரையும் வீட்டு வேலையாட்களையும் கட்டுப்படுத்தியது. முன்னறிவித்தலின்றி வேலையை விட்டு நீங்கினால் சிறை. கட்டளைக்குப் பணிய மறுத்தாலும் தண்டனை. ஒரு துரைக்கும் ஒரு கூலியாளுக்கும் இடையிலான ஒப்பந்தம் முறிந்தால், அது உரிமையியல் வழக்கன்று, குற்றவியல் வழக்கு! துரை ஒப்பந்தத்தை மீறிச் சம்பளத்தை மாதக்கணக்கில் நிறுத்தி வைத்தாலோ, தொழிலாளி வழக்காடி வாங்கிக்கொள்ளலாம் என்றனர். எழுத்தறியாத, துண்டுச்சீட்டின்றி மறு தோட்டத்தில் கால் வைக்க முடியாத மனிதன் வழக்காடுவது எங்ஙனம்? இத்தண்டனைப் பிரிவுகளும் துண்டு முறையும் 1920களின் தொடக்கத்திலேதான் ஒழிந்தன. கட்டளைக்கு அடங்காமை என்ற குற்றம் யாருக்காக வகுக்கப்பட்டது என்பதை எம் பாட்டன்மார் புத்தகம் படித்து அறியவில்லை, உடம்பால் அறிந்தனர்.

ஆயினும் நீதிமன்றங்கள் எந்நாளும் ஆள்வோர் பக்கமே நின்றன என்று ஒரே வீச்சில் எழுதிவிடுவது வரலாற்றுக்கு நேர்மை செய்வதாகாது. கண்டி மாவட்டத்தின் மடுல்கலைப் பகுதியில் ரெலுகஸ் என்ற தோட்டத்திற்கு 1936இல் மார்க் பிரேஸ்கேர்டில் என்ற ஆஸ்திரேலிய இளைஞர் சின்னத்துரைப் பயிற்சிக்கென வந்தார். வந்தவர் துரைமாரின் கிளப்பில் அமர்வதை விட்டு லயத்து மக்களோடு பழகினார். வேலை போயிற்று. லங்கா சமசமாஜக் கட்சியிற் சேர்ந்தார். 1937 ஏப்ரல் 3ஆம் நாள் நாவலப்பிட்டியில் நடந்த பெருங்கூட்டத்தில் அவர் மேடையேறியபோது, வெள்ளைத் தோலுடைய ஒருவர் வெள்ளைத் துரைமாரைக் கண்டிப்பதைக் காணத் தொழிலாளர் திரண்டு நின்றனர். துரைமாருக்குப் பொறுக்குமா? தேசாதிபதி சேர் ரெஜினோல்ட் ஸ்டப்ஸ், 48 மணி நேரத்துக்குள் நாட்டைவிட்டு வெளியேறுமாறு ஆணை பிறப்பித்தார். பிரேஸ்கேர்டில் அடங்கவில்லை, தலைமறைவானார். மே 5ஆம் நாள் அரசாங்க சபை தேசாதிபதியின் செயலை 34க்கு 7 என்ற வாக்குகளால் கண்டித்தது. அன்றே காலிமுகத்திடற் கூட்டத்தில் அவர் மக்கள்முன் தோன்றினார். பின்னர் பிடிபட்டார்.

ஆட்கொணர்வு மனு உயர் நீதிமன்றத்தின் முன் வந்தது. மே 18ஆம் நாள் பிரதம நீதியரசர் ஏபிரகாம்சும் உடனிருந்த நீதியரசர்களும் தீர்ப்பளித்தனர். தேசாதிபதி சாட்டிய சட்டம் நெருக்கடி நிலைமைகளுக்கென ஆக்கப்பட்டது. அத்தகைய நிலைமை எதுவும் இல்லாதபோது அதன்கீழ் ஒருவரை நாடு கடத்த அதிகாரமில்லை. ஆகவே அவரை விடுவிக்க. முடியாட்சியின் நேரடிப் பிரதிநிதிக்கு எதிராக அவருடைய முடியின் பெயரால் இயங்கும் நீதிமன்றமே வழங்கிய தீர்ப்பு அது. இங்கே நாம் கவனிக்கவேண்டியது தீர்ப்பை மட்டுமன்று. தேசாதிபதி அத்தீர்ப்புக்குப் பணிந்தார்! படையும் பொலிசும் கையிலிருந்தன. கப்பலும் துறைமுகத்திற்கு வந்துபோய்க்கொண்டுதான் இருந்தது. எனினும் பிரேஸ்கேர்டில் விடுதலையானார். ஏகாதிபத்தியத்தின் நற்பண்பு என்று இதை நாம் புகழப்போவதில்லை. வெளியே மே தின ஊர்வலமும், காலிமுகத்திடலில் கூடிய மக்கள் வெள்ளமும், அரசாங்க சபையின் 34 வாக்குகளும் நின்றிருந்தன என்பதை மறந்துவிட்டு அந்தப் பணிவை விளங்கிக்கொள்ள முடியாது.

அந்நியன் பணிந்தான், நம்மவர் என்ன செய்தனர்?

கண்டியிலிருந்து கொழும்பு நோக்கிச் செல்லும் பெருவழியில் கடுகண்ணாவைக் கணவாயில் இறங்கி, மாவனல்லையைக் கடந்தால் கேகாலை. இரப்பரும் நெல்லும் கலந்த சிறு பட்டணம். தமிழருடைய உரிமை பற்றிய வழக்குகள் பல இந்தக் கேகாலை மாவட்டத்திலேதான் முளைத்தன என்பது எம்மை வியப்பிலாழ்த்தும் செய்தி. நேவ்ஸ்மயர் தோட்டத்து மக்களை அரசாங்கம் வெளியேறச் சொன்னதும் அவர்கள் மறுத்ததும், அதன் பொருட்டு 1946இல் மலையகம் வேலைநிறுத்தத்தில் இறங்கியதும் அங்கே. குடியுரிமைச் சட்டத்தின் விளைவாக வாக்காளர் இடாப்பிலிருந்து இந்தியத் தமிழர் நீக்கப்பட்டபோது, அது அரசியல் யாப்பின் 29ஆம் பிரிவுக்கு முரணானது என்று துணிந்து முடிவு கூறிய மீளாய்வு அதிகாரி சிவஞானசுந்தரம் இருந்ததும் அங்கே. அவர் முடிவை 1951இல் உயர் நீதிமன்றம் தள்ளியது. 1953இல் பிரிவிக் கவுன்சிலும் கோடகன் பிள்ளையின் மேன்முறையீட்டை ஏற்கவில்லை. மூன்றாவதாக, கோடீஸ்வரன் வழக்கு. இதைச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும்.

கேகாலைக் கச்சேரியில் எழுதுவினைஞராயிருந்தவர் செல்லையா கோடீஸ்வரன். 1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டம் சிங்களம் ஒன்றையே அரசகரும மொழியாக்கிற்று. 1961இல் திறைசேரி ஒரு சுற்றறிக்கை அனுப்பியது. சிங்களத் தேர்ச்சி காட்டாத அரசாங்க ஊழியருக்கு வருடாந்தச் சம்பள ஏற்றம் இல்லையென்றது. 1962இல் கோடீஸ்வரனுக்குரிய ஏற்றம் நிறுத்தப்பட்டது. சில ரூபாய்க் காசுதான். அந்தச் சில ரூபாய்களுக்காக அவர் சட்டமா அதிபரை எதிர்த்துக் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் சென்றார். மொழிச் சட்டமே 29ஆம் பிரிவுக்கு மாறானது, ஆகவே அதன்கீழ் எழுந்த சுற்றறிக்கையும் செல்லாது என்பது அவர் வாதம்.

1964இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர் அவ்வாதத்தை ஏற்றுத் தீர்ப்பளித்தார். ஒரு மாவட்ட நீதிபதி, நாட்டின் அரசியலையே எட்டு ஆண்டுகளாக ஆட்டிப்படைத்த சட்டத்தைச் செல்லாது என்றார்! அரசு மேன்முறையீடு செய்தது. 1967இல் உயர் நீதிமன்றம் மொழிச் சட்டத்தின் பக்கமே திரும்பவில்லை. அரசாங்க ஊழியன் தன் சம்பளத்துக்காக முடியின்மேல் வழக்காட முடியாது என்று கூறி வழக்கைத் தள்ளியது. கோடீஸ்வரன் பிரிவிக் கவுன்சில் சென்றார். 1969 டிசம்பரில் அக்கவுன்சில், ஊழியன் சம்பளத்துக்காக வழக்காடலாம் என்று தீர்த்தது. மொழிச் சட்டம் செல்லுமா என்ற வினாவை விசாரித்து முடிவு செய்யுமாறு உயர் நீதிமன்றத்துக்கே வழக்கைத் திருப்பியனுப்பியது.

அந்த விசாரணை நடைபெறவே இல்லை. 1971இல் பிரிவிக் கவுன்சிலுக்கு மேன்முறையீடு செய்யும் உரிமை ஒழிக்கப்பட்டது. 1972 மே 22ஆம் நாள் குடியரசு யாப்பு வந்தது. 29ஆம் பிரிவு மறைந்தது. மொழிச் சட்டம் யாப்புக்குள்ளேயே ஏறி அமர்ந்தது. எவரும் எந்த ஆணையையும் வெளிப்படையாக மீறவில்லை. எவரையும் அவமதிப்புக்காக அழைக்க வழியில்லை. கேட்கப்பட்ட கேள்வியை நிறுத்திவிட்டு, கேள்வி எழுந்த நிலத்தையே பெயர்த்தெடுத்துவிட்டனர். ஒன்றையும் இங்கே மறைத்தலாகாது. 1956இல் மொழிச் சட்டத்தை எதிர்த்துப் பாராளுமன்றத்தில் உறுதியோடு பேசிய இடதுசாரித் தலைவரான கொல்வின் ஆர். டி சில்வாவே 1972 யாப்பை வரைந்த அமைச்சராக இருந்தார். அந்நிய நாட்டு நீதிபதிகள் நம் தலைவிதியை எழுதலாகாது என்பது நியாயமான கோட்பாடு. அதனை மறுப்பதற்கில்லை. ஆனால் கேகாலைக் கச்சேரி எழுதுவினைஞருக்கு அவர்கள் திறந்துவிட்ட கதவை மூடிவிட்டு, நம் நாட்டிலே வேறு கதவு எதைத் திறந்தோம்? இடதுசாரிகளாகிய நாம் இக்கேள்வியைப் பிறர் கேட்குமுன் நாமே கேட்டுக்கொள்வது நன்று.

நீதிமன்றம் வர்க்க ஆட்சியின் கருவி என்று நம் தோழர் சிலர் இவ்விடத்தில் இடைமறிப்பர். அவ்வாறு கூறியதற்காகவே அவமதிப்புக் குற்றவாளியானவர் கேரள முதலமைச்சர் இ. எம். எஸ். நம்பூதிரிபாட். கேரள உயர் நீதிமன்றம் விதித்த ஆயிரம் ரூபாய் அபராதத்தை 1970இல் இந்திய உச்ச நீதிமன்றம் ஐம்பது ரூபாயாகக் குறைத்தது. தலைமை நீதிபதி ஹிதாயத்துல்லா அத்தீர்ப்பில் மார்க்சையும் எங்கெல்சையும் புரட்டிப் பார்த்து, நம்பூதிரிபாட் அவர்களைச் சரியாக விளங்கிக்கொள்ளவில்லை என்று எழுதினார். முதலமைச்சருக்கு மார்க்சியப் பாடம் நடத்திய நீதிமன்றம் உலகில் வேறெங்கும் இருந்ததாக நாம் கேள்விப்பட்டதில்லை! நம்பூதிரிபாட் சொன்னதில் உண்மை இல்லையென்று நாம் கூறவில்லை. ஆனால் கருவி என்றால், அக்கருவியைக் கையில் வைத்திருப்பவனே அதன் கட்டளையை மீறும்போது என்ன நிகழ்கிறது என்பதைத்தான் இக்கட்டுரையில் ஆராய்கின்றோம்.

இனி 2023ஆம் ஆண்டுக்கு வருவோம். உள்ளூராட்சித் தேர்தல் மார்ச் 9ஆம் நாள் நடைபெறுமென அறிவிக்கப்பட்டிருந்தது. வேட்புமனுக்கள் சனவரியில் ஏற்கப்பட்டிருந்தன. ஆசிரியர்களாகிய நாமெல்லோரும் அஞ்சல் வாக்காளர். பெப்ரவரி 22ஆம் நாள் தொடங்கி மூன்று நாட்கள் எமக்கு வாக்களிக்கக் குறிக்கப்பட்டிருந்தன. வாக்குச்சீட்டு வரவில்லை. பணம் தராவிட்டால் அச்சிட்டுக் கொடுக்க இயலாது என்றது அரசாங்க அச்சகம். பணமில்லை என்றது திறைசேரி. அந்த ஆண்டின் வரவுசெலவுத் திட்டத்தில் தேர்தலுக்கென ஆயிரம் கோடி ரூபாய் ஒதுக்கப்பட்டிருந்தது. பாராளுமன்றம் அதற்குக் கையுயர்த்தியிருந்தது. நாடு அதற்கு முந்திய ஆண்டில்தான் கடன் செலுத்த முடியாது வீழ்ந்தது, தட்டுப்பாடு பொய்யன்று. பிற்போடுவதற்கு ஒரு தேர்தலே இல்லை என்ற பொருள்படச் சனாதிபதி பாராளுமன்றத்தில் பேசியதைக் கேட்டபோது, அஞ்சல் வாக்காளர் அட்டையைப் பையில் வைத்திருந்த நாம் அதை எடுத்து மீண்டும் ஒரு முறை பார்த்துக்கொண்டோம்.

பெப்ரவரி 26ஆம் நாள் தேர்தலை நடத்தக் கோரிக் கொழும்பில் ஊர்வலம் நடந்தது. குறித்த வீதிகளுக்குள் நுழையலாகாது என்று பொலிசார் நீதவான் நீதிமன்றத்தில் தடையுத்தரவு பெற்றிருந்தனர். அந்த உத்தரவு எத்துணை விரைவாக நிறைவேறிற்று! கண்ணீர்ப்புகை வந்தது, தண்ணீர்ப் பீரங்கி வந்தது. ஊர்வலத்தில் வந்த ஒருவர் உயிரிழந்தார்.

ஐந்து நாட்கள் கழிந்து, மார்ச் 3ஆம் நாள், உயர் நீதிமன்றம் ஓர் இடைக்கால உத்தரவு பிறப்பித்தது. தேர்தலுக்கென ஒதுக்கிய நிதியை நிறுத்தி வைக்கலாகாது என்று நிதியமைச்சருக்கும் திறைசேரிச் செயலாளருக்கும் கட்டளை. நிதியமைச்சர் வேறு யாருமல்லர், சனாதிபதியே. ஆணைக்குழு ஏப்ரல் 25ஆம் நாளைக் குறித்தது. பணம் வரவில்லை. ஏப்ரல் 25ஆம் நாளும் வந்து போயிற்று. பாராளுமன்றத்திலோ, நிதி பற்றிய அதிகாரம் எமதேயாக நீதிமன்றம் எங்ஙனம் உத்தரவிடலாம் என்று ஆளுந்தரப்பு உறுப்பினர் ஒருவர் சிறப்புரிமைப் பிரச்சினை எழுப்ப, அது சிறப்புரிமைக் குழுவுக்கு அனுப்பப்பட்டது. நிதியை ஒதுக்கியதும் அதே பாராளுமன்றமே என்பதை அவ்வேளை நினைவூட்டியவர் இருந்தனர், கேட்டவர் குறைவு. எதிர்க்கட்சியான ஐக்கிய மக்கள் சக்தியின் பொதுச் செயலாளர், உத்தரவுக்கு இணங்காத திறைசேரிச் செயலாளரை அவமதிப்புக் குற்றத்துக்காக விசாரிக்குமாறு மனுச் செய்தார்.

1961இல் சுற்றறிக்கையால் ஓர் எழுதுவினைஞரின் காசை நிறுத்தியதும் திறைசேரி, 2023இல் ஒரு நாட்டின் வாக்கை நிறுத்தியதும் திறைசேரி என்பது எம் கண்ணில் பட்ட ஒற்றுமை.

சொல்லால் அவமதித்தவர்களை நீதிமன்றம் எவ்வாறு நடத்திற்று என்பதையும் இதனருகே வைத்துப் பார்க்கவேண்டும். தொழிலாளர் நட்டஈடு பற்றிய தம் வழக்கைத் தாமே வாதாடிய மைக்கல் அந்தனி எமானுவேல் பெர்னாண்டோ என்பவர், திரும்பத் திரும்ப மனுத் தாக்கல் செய்து, மன்றில் குரலை உயர்த்தினார் என்பதற்காக 2003 பெப்ரவரி 6ஆம் நாள் ஓராண்டுக் கடூழியச் சிறை பெற்றார். குற்றச்சாட்டும் தீர்ப்பும் ஒரே நாளில்! ஐக்கிய நாடுகளின் மனித உரிமைக் குழு 2005இல் அத்தண்டனை ஒருதலைப்பட்சமான தடுத்துவைப்பு எனக் கண்டது. 2004 டிசம்பரில், நுவரெலியா மாவட்டத்தின் பாராளுமன்ற உறுப்பினர் எஸ். பி. திசாநாயக்க மேடைப்பேச்சு ஒன்றுக்காக ஈராண்டுக் கடூழியச் சிறை சென்றார். அவருடைய அரசியலில் எமக்கு உடன்பாடில்லை. ஆயினும் ஈராண்டு! 1978ஆம் ஆண்டு யாப்பின் 105ஆம் உறுப்புரை மேல்நிலை நீதிமன்றங்களுக்கு அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரத்தைத் தந்தது. எவ்வளவு காலம், எந்த நடைமுறையில் என்று வரையறுக்கவில்லை. தனிச் சட்டமொன்று வருவதற்கு 2024ஆம் ஆண்டு வரை காத்திருக்கவேண்டியதாயிற்று.

ஆள்வோரை அவமதிப்புக்காகத் தண்டிக்கவே முடியாது என்று எண்ணுவதும் தவறு. 1991இல் இங்கிலாந்தில் அடைக்கலம் கோரிய சயீர் நாட்டு ஆசிரியர் ஒருவரை நாடு கடத்தலாகாதென நீதிபதி உத்தரவிட்டும், உள்நாட்டு அமைச்சர் கெனத் பேக்கர் அவரைத் திரும்ப அழைத்து வரும் ஏற்பாட்டை நிறுத்தினார். 1993இல் பிரபுக்கள் சபை அமைச்சர் அவமதிப்புக் குற்றம் புரிந்தார் என்று தீர்த்தது. தண்டனை வழக்குச் செலவு மட்டுமே. ஆயினும், முடியின் பெயரால் செயற்படும் அமைச்சரையும் இச்சட்டம் பிடிக்கும் என்பது அன்று நிலைபெற்றது. அயோத்தியில் கட்டட வேலை கூடாதென்ற உத்தரவு இருக்க, 1992 சூலையில் மேடை எழுப்ப இடங்கொடுத்த உத்தரப் பிரதேச முதலமைச்சர் கல்யாண் சிங்குக்கு 1994இல் இந்திய உச்ச நீதிமன்றம் தந்த தண்டனை ஒரு நாட் சிறையும் இரண்டாயிரம் ரூபாய் அபராதமும். தண்டனை வருமுன் மசூதி இடிந்துபோயிருந்தது. தென்னாபிரிக்காவில் முன்னாட் சனாதிபதி சூமா, விசாரணைக்குழுவின் முன் தோன்றுமாறு நீதிமன்றம் இட்ட கட்டளையை மீறியதற்காக 2021இல் பதினைந்து மாதச் சிறை பெற்றார். இரு மாதமளவில் மருத்துவக் காரணத்தால் வெளியே வந்தார். ஒருவரும் பதவியிலிருந்தபடியே சிறைக்குள் போகவில்லை என்பதையும் சேர்த்துப் படிக்கவேண்டும்.

கொழும்பில் இருப்போர்க்கு மாநகர சபை என்றால் குப்பை அள்ளுவதும் வரி தண்டுவதும்தானே என்று தோன்றலாம். கண்டி மாநகர சபை 1865ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிறந்தது. ஆனால் நகரெல்லையைத் தாண்டித் தோட்டத்துள் நுழைந்தால் கதை வேறு. 1889ஆம் ஆண்டுக் கிராமச் சமூகச் சட்டம் தோட்டத்து இந்தியத் தொழிலாளரைக் கிராமத்தின் பகுதியாகவே கருதவில்லை. 1930களின் இறுதியில் அதைத் திருத்தியபோதும் லயத்தில் வாழ்பவனுக்கு வாக்கு இல்லையென்றே வைத்தனர். 1948இல் குடியுரிமை போயிற்று. 1949இல் பாராளுமன்ற வாக்கும் போயிற்று. இழந்ததைச் சிறுகச் சிறுகப் பெற்று முடிக்க 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரை ஆயிற்று. வாக்கு வந்த பின்னரும், பிரதேச சபை தன் பணத்தில் தோட்டத்துக்குள் ஒரு வீதி போடச் சட்டம் இடங்கொடுக்கவில்லை. அந்தத் தடை 2018இல்தான் நீங்கியது. தோட்டத்துக்கும் சபைக்கும் இடையே கதவு திறந்து ஐந்து ஆண்டு நிறைவதற்குள், 2023 மார்ச்சில் சபைகளின் ஆயுள் முடிந்தது. புதிய சபை வரவில்லை. செயலாளர்களும் ஆணையாளர்களும் ஆண்டனர். மழைக்கு அடித்துச் செல்லப்பட்ட பாலத்தைப் பற்றிச் சொல்ல ஓர் உறுப்பினரைத் தேடினால் உறுப்பினர் என ஒருவரும் இல்லை. எமது பாடசாலைக்கு வரும் பிள்ளைகள் இரு மாரிகாலம் அத்தகைய பாலமொன்றின் மூங்கிற் கழிகள்மீது நடந்து வந்தனர்.

வேட்பாளராக நின்ற அரசாங்க ஊழியர் பலரின் பாடு இன்னும் கொடிது. வேட்புமனு இட்டதால் கடமைக்குச் செல்லமுடியவில்லை. தேர்தல் இல்லாததால் வேட்பாளராகவும் இல்லை. நமக்குத் தெரிந்த ஆசிரியத் தோழர் ஒருவர், சம்பளமின்றிக் கழிந்த அந்த மாதங்களில், மாலை வகுப்பு நடத்திக் குடும்பத்தைப் பேணினார். "உத்தரவை மீறியது யார் என்று எல்லோருக்கும் தெரியும், தண்டனை அனுபவிப்பது யார் என்று எனக்குத் தெரியும்" என்று அவர் சிரித்துக்கொண்டே சொல்லுவார்.

2024 ஆகஸ்ட் 22ஆம் நாள் உயர் நீதிமன்றம், தேர்தலை நடத்தாமையால் மக்களின் அடிப்படை உரிமைகள் மீறப்பட்டன என்று தீர்ப்பளித்தது. நிதியமைச்சர் என்ற முறையில் சனாதிபதியும், தேர்தல் ஆணைக்குழுவும் பொறுப்பாளிகளாகக் காணப்பட்டனர். தீர்ப்பு வந்தபோது அடுத்த சனாதிபதித் தேர்தலுக்கு ஒரு மாதமே இருந்தது. அதற்கு மட்டும் வாக்குச்சீட்டு அச்சிடப் பணம் இருந்தது.

2023இல் ஏற்ற வேட்புமனுக்களைப் புதிய சட்டமொன்று இரத்துச் செய்தது. புதிதாக மனுக்கள் கோரப்பட்டன. 2025 ஏப்ரல் இறுதியில் நாம் அஞ்சல் வாக்களித்தோம். மே 6ஆம் நாள் நாடெங்கும் வாக்கெடுப்பு நடந்தது. அன்று தோட்டப் பாடசாலை ஒன்றிலமைந்த வாக்களிப்பு நிலையத்தில் நாம் கடமையிலிருந்தோம். வரிசையில் நின்ற முதியவர் ஒருவர், கொழுந்துக் கறை ஏறிய விரலை மை பூச நீட்டியவாறே, "போன தடவ கார்டு குடுத்துட்டு ஏங்கய்யா வைக்காம விட்டாங்க?" என்று கேட்டார். பணம் இல்லையென்று சொன்னார்கள் என்றோம். "கோட்டுல குடுக்கச் சொன்னதா டீவியில சொன்னாங்களே" என்றார் அவர். பின்னால் நின்றவர்கள் முன்னே நகர, அவர் சீட்டை வாங்கிக்கொண்டு மறைப்புக்குள் சென்றார். அவருக்கு அடுத்து வந்தவள், மகுல் மடுவவுக்கு நாம் அழைத்துச் சென்ற வகுப்பிலிருந்த மாணவி. 2023இல் அவளுக்குப் பதினாறு வயது. இது அவளுடைய முதல் வாக்கு.